முறைப்பாடில்லாத விடுதி

உதயரூபனைக் கொண்டுவந்து ஆஸ்பத்திரியின் மூன்றாம் விடுதியில் கிடத்திய அன்றே அந்த விடுதியின் நற்பெயருக்கு ஆபத்து வந்துவிட்டது. அவர் மட்டக்களப்புக்கும் கல்குடாவுக்கும் இடையே ஓடும் பஸ்ஸில் கொண்டக்டர். மிதிபலகையிலிருந்து தவறி விழுந்ததில் தொடையெலும்பு முறிந்துபோனது. எலும்புதான் முறிந்தது, வாய்க்கு ஒன்றும் ஆகவில்லை. ஃபேன் சுற்றவில்லை என்றார். கஞ்சியில் உப்பில்லை என்றார். கழிப்பறைக் கதவுக்குக் கொளுக்கி இல்லை என்றார். எல்லாவற்றையும் பஸ் வாசலில் நின்று கூப்பிடுகிற குரலிலேயே சொன்னார்.

அமிர்தவாவி வைத்தியசாலைக்கு அப்படிப்பட்ட குரல் பழக்கமில்லை. வாவிக்கரையில் ஓர் அறக்கட்டளை கட்டி நடத்துகிற ஆஸ்பத்திரி அது. வாசலில் பளிங்குக் கல்லில் 'முறைப்பாடின்மையே எமது மூச்சு' என்று பொன்னெழுத்தில் பொறித்திருந்தார்கள். நோயைப் பற்றி அந்தக் கல்லில் எதுவும் இல்லை. வருடா வருடம் நடக்கும் தர விழாவில், யாரும் குறை சொல்லாத, முறைப்பாடற்ற விடுதிக்கு ஒரு கேடயம் கொடுப்பார்கள். கொஞ்சக் காலமாக அது மூன்றாம் விடுதியை விட்டு வேறெங்கும் போனதில்லை.

அந்த விடுதியின் பொறுப்பு வைத்தியர் ஜெயந்தன். சப்பாத்துச் சத்தம் கேளாமல் நடப்பார். யாரையும் அதட்டமாட்டார். கட்டிலருகே வந்து, போர்வையின் மடிப்பைச் சரிசெய்துவிட்டு, "களைச்சுப்போயிட்டீங்க. நான் பாத்துக்கொள்றன்" என்பார். அவர் அப்படிச் சொன்ன பிறகு யாரும் நீண்ட நாட்கள் அந்த விடுதியில் இருந்ததில்லை. அது அவருடைய கெட்டித்தனம் என்று பேசிக்கொண்டார்கள்.

கேதீஸ்வரி மத்தியானம் சோறு கொண்டுவந்து புருஷனுக்கு ஊட்டினாள். நாவற்குடாவில் வீட்டிலேயே மெஷின் போட்டுப் பள்ளிக்கூடச் சட்டை தைக்கிறவள். தை மாதம், பள்ளிக்கூடம் தொடங்குகிற காலம், வேலை குவிந்திருந்தது.

"டொக்டர் வந்து பாத்தாரா?"

"பாத்தார், பாத்தார். ஃபேனப் பத்திச் சொன்ன நான். 'உங்களுக்கு அது பெரிய குறையா இரிக்கா' எண்டு கேக்கிறார். குறைதானே புள்ள? வேர்த்து ஒழுகுது!"

"மெல்லக் கதைங்க. எல்லாரும் பாக்கிறாங்க."

"பாக்கட்டும். நான் களவெடுத்தா கதைக்கிறன்? மறுகா வரக்குள்ள ஒல்லுப்போல, ஒரு கரண்டி மாங்காய்ச் சம்பல் கொண்டு வா. இவங்கட சாப்பாட்ட வாயில வைக்க ஏலாது."

பார்வையாளர் நேரம் முடிந்து மணி அடித்தார்கள். பின்னேரம் மணி அடித்து உள்ளே விட்டபோது கேதீஸ்வரி மாங்காய்ச் சம்பலோடு வந்தாள். கட்டிலில் புது விரிப்பு விரித்திருந்தது. மேலே ஃபேன் சுற்றிக்கொண்டிருந்தது.

வைத்தியர் ஜெயந்தன் அவளைத் தன் அறையில் இருக்கச் சொன்னார். தண்ணீர் கொடுத்தார். முறிந்த காலிலிருந்து ஒரு இரத்தக்கட்டி கிளம்பி நெஞ்சுக்குப் போய்விட்டதாகவும், தான் கையைப் பிடித்துக்கொண்டு பக்கத்திலேயே நின்றதாகவும் சொன்னார்.

"கடைசியா உங்கட கணவர் என்ன சொன்னார் தெரியுமா? 'சேர், எனக்கு ஒரு குறையும் இல்ல' எண்டார். அந்தச் சொல்ல நீங்க மனசில வெச்சிருக்கவேணும்."

கேதீஸ்வரி அழுதுகொண்டிருந்தாள். அதைக் கேட்டதும் அழுகை நின்றது.

"அவர் அப்பிடிச் சொல்லமாட்டார் சேர்."

"சொன்னார்."

"இல்ல சேர். எங்கட கலியாணத்தண்டைக்கே அவர் பாயாசத்துக்குக் குறை சொன்னவர்."

வைத்தியர் அவள் பக்கம் குனிந்தார். "நீங்க களைச்சுப்போயிட்டீங்க" என்றார். ஆனால் அவள் நோயாளி இல்லையென்பது நினைவுக்கு வந்ததோ என்னவோ, எழுந்து கதவைத் திறந்துவிட்டார்.

உதயரூபனை மறுநாள் நாவற்குடாவில் அடக்கம் செய்தார்கள். கல்குடா பாதையில் ஓடுகிற பஸ்காரர்கள் எல்லாரும் வந்தார்கள். அறக்கட்டளையிலிருந்து பெரிய மலர்வளையம் ஒன்று வந்தது. அதன் நடுவில் கிடந்த துணியில் 'உங்கள் ஒத்துழைப்புக்கு நன்றி' என்று எழுதியிருந்தது.

செத்தவருக்கு மரக்கறி படைத்து, உறவுக்காரரெல்லாம் கலைந்த பிறகு, உதயரூபனின் கட்டிலோடு கிடந்த சாப்பாட்டுக் கோப்பையையும் சாரனையும் எடுத்துவரக் கேதீஸ்வரி ஆஸ்பத்திரிக்குப் போனாள். எதிர்க்கட்டிலில் பக்கீர் கிடந்தார். ஏறாவூரில் புடைவைக்கடை வைத்திருந்தவர். நீரிழிவுப் புண்ணுக்குக் காலில் கட்டுப் போட்டிருந்தார்கள். பக்கத்தில் அவருடைய மகள் ஹஸீனா இருந்தாள். பக்கீர் கேதீஸ்வரியைக் கையசைத்துக் கூப்பிட்டார்.

"தங்கச்சி, கிட்ட வாங்க. உங்கட மாப்பிள்ள நல்ல மனிசன். எனக்கும் சேத்துத்தான் கத்தினார். எனக்குக் கத்த ஏலாது."

"என்ன நடந்த காக்கா?"

பக்கீர் கதவுப் பக்கம் பார்த்தார். "நேர்ஸ்மார் சாப்பிடப் போன நேரம். டொக்டர் தனிய வந்தார். திரைய இழுத்தார். அது கொஞ்சம் விலகித்தான் இரிந்த. ஊசியக் கையோட கொண்டு வந்திரிந்தார். உங்கட மாப்பிள்ள 'என்ன சேர் ஊசி, ஃபேனுக்கு ஒரு வழி செய்யுங்க'ண்டு செல்லிக்கிட்டு இரிக்கக்குள்ளயே குரல் நிண்டிட்டு. பாதியில நிண்டிட்டு தங்கச்சி. டொக்டர் விரிப்பச் சரிசெஞ்சிட்டுப் போனார். யாரையும் கூப்பிடவும் இல்ல, நெஞ்ச அமத்தவும் இல்ல."

ஹஸீனா தகப்பனின் வாயைப் பொத்தினாள். "வாப்பா, மெதுவா!"

கேதீஸ்வரி நேரே நோயாளர் திருப்திப் பிரிவுக்குப் போனாள். குளிரூட்டிய அறையில் பணிப்பாளர் சிவதர்ஷன் இருந்தார். அவளைக் கண்டதும் எழுந்து கும்பிட்டார்.

"முறைப்பாடா? தாராளமாகச் செய்யலாம் அம்மா. அது உங்கட உரிமை. ஆனா எங்கட விதிப்படி நோயாளிதான் செய்யவேணும். அவரக் கூட்டிக்கொண்டு வாங்க."

"அவர் செத்துப்போயிட்டார் சேர். அதைத்தான் சொல்ல வந்திரிக்கன்."

"ஓம் ஓம், அனுதாபங்கள். ஆனா யோசிச்சுப் பாருங்க. அவருக்கு ஒரு முறைப்பாடு இருந்திருந்தா, செத்தவுடன வந்து சொல்லியிருப்பாரா இல்லையா?"

கேதீஸ்வரி அங்கிருந்து பொலிசுக்குப் போனாள். அங்கிருந்த சார்ஜன்ட் நல்ல மனிதர், கதிரை போட்டு இருக்கச் சொன்னார்.

"அக்கா, கொலை எண்டா, கொலை எண்டு ஒரு டொக்டர் சொல்லவேணும்."

"எந்த டொக்டர் சேர்?"

"சாகக்குள்ள பக்கத்தில நிண்ட டொக்டர்."

"அவர்தான் கொலை செஞ்சது."

"அப்ப அவருக்குத்தான் வடிவாத் தெரிஞ்சிருக்கும். அவரிட்ட ஒருக்காக் கேட்டு எழுதிக்கொண்டு வாங்களன்."

ஆனாலும் அவள் விடவில்லை. தினமும் காலையில் மெஷினை மூடிவிட்டு ஆஸ்பத்திரி வாசலில் வந்து பளிங்குக் கல்லுக்குப் பக்கத்தில் நின்றாள். யாராவது ஏனென்று கேட்டால் சொன்னாள். வாசலில் ஒரு முறைப்பாடு நின்றுகொண்டிருப்பது தர விழாவுக்கு நல்லதல்ல என்று அறக்கட்டளை கருதியது. விசாரணைக்குழு அமைத்தார்கள்.

விசாரணை வாவி தெரிகிற மண்டபத்தில் நடந்தது. குத்துவிளக்கு ஏற்றினார்கள். அமரர் உதயரூபனுக்காக மௌன அஞ்சலி செலுத்தினார்கள். ரோல்ஸும் பால்தேத்தண்ணியும் வந்தன. அதன் பிறகு குழுவின் தலைவர் உள்ளே வந்து உட்கார்ந்தார். அவர் வைத்தியர் ஜெயந்தன்.

கேதீஸ்வரி எழுந்துவிட்டாள். "சேர், இவரப் பத்தித்தானே நான்..."

பணிப்பாளர் சிவதர்ஷன் கையுயர்த்தினார். "அம்மா, உணர்ச்சிவசப்படக் கூடாது. இந்த வைத்தியசாலையில் மரணங்களைப் பற்றி இவரளவுக்கு அனுபவம் உள்ளவர் யாருமில்லை. இவரைத் தலைவராகப் போடாமல் வேறு யாரைப் போடுவது? அனுபவமில்லாத ஒருவரைப் போட்டால் உங்களுக்குத்தானே அநீதி?"

குழுவில் இருந்த மற்றவர்கள் தலையாட்டினார்கள். ஒருவர் அவள் என்ன தொழில் செய்கிறாள் என்று கேட்டார். தையல் என்றாள். "அப்ப ஊசியால வாழுற உங்களுக்கு ஊசியில என்ன பயம்?" என்றார் அவர். எல்லாரும் சிரித்தார்கள். இறுக்கத்தைத் தளர்த்துவதற்காகச் சொன்னது அது என்று பிறகு அறிக்கையில் எழுதினார்கள்.

சாட்சியாகப் பக்கீரை ஹஸீனா சில்லுக்கதிரையில் தள்ளிக்கொண்டு வந்தாள். கண்டதை அவர் மறைக்காமல் சொன்னார். குழு கூடிப் பேசித் தீர்மானம் சொன்னது. மருந்து எடுக்கிற நோயாளியின் கண்ணை நம்ப முடியாது. மருந்து எடுக்கவில்லை என்றால் அவர் நோயாளியே அல்ல, விடுதிக்குள் நடப்பதைப் பார்க்க அவருக்கு அனுமதி இல்லை.

பிறகு வைத்தியர் ஜெயந்தன் மேசையைச் சுற்றி வந்தார். பக்கீரின் தோளிலிருந்த துவாயின் மடிப்பைச் சரிசெய்தார்.

"ஐயா களைச்சுப்போயிட்டார். சாப்பிட்டிட்டு வந்து நானே பாத்துக்கொள்றன்."

கேதீஸ்வரியும் ஹஸீனாவும் ஒருவரையொருவர் பார்த்தார்கள். அவர்கள் அதற்கு முன்பு அதிகம் பேசிக்கொண்டதில்லை. இப்போதும் பேசத் தேவையிருக்கவில்லை.

பக்கீரை விடுதிக்குக் கொண்டுவந்ததும் ஹஸீனா அவருடைய சாமான்களைப் பையில் போட்டாள். வாசலுக்குப் போய்க் காவலாளியிடம் கேட்டாள். வீட்டுக்கு விடும் துண்டு வெட்டாமல் நோயாளி வெளியே போக ஏலாது என்றான். துண்டு வெட்டுவது யார்? வைத்தியர் ஜெயந்தன். அவர் எங்கே? சாப்பிடப் போயிருக்கிறார்.

"வேற வழியால போக ஏலாதா தம்பி?"

"உசிரோட போறதெண்டா துண்டு வேணும் ராத்தா. மையத்துக்கு ஒண்டும் கேக்கமாட்டம்."

ஹஸீனா திரும்பி வந்து அதைச் சொன்னாள். தாதி கம்சாயினி மருந்துத் தட்டோடு நின்றாள். கேட்டுக்கொண்டிருந்தவள் தட்டைக் கீழே வைத்துவிட்டுப் போனாள். காட்டிக்கொடுக்கப் போகிறாள் என்று கேதீஸ்வரி பயந்தாள். கம்சாயினி பிணம் கொண்டுபோகும் தள்ளுவண்டியோடு திரும்பி வந்தாள். யாருடைய முகத்தையும் அவள் பார்க்கவில்லை.

"ஐயாவ ஏத்துங்க. கெதியா. சேர் தயிர் சாப்பிடுறார்."

பக்கீர் தள்ளுவண்டியில் நீட்டிப் படுத்தார். கம்சாயினி வெள்ளைத் துணியைக் கால் முதல் தலைவரை இழுத்து மூடினாள். பழகிய கை. துணிக்கு அடியிலிருந்து கலிமா ஓதுகிற சத்தம் கேட்டது.

"வாப்பா, சத்தம் போடாதீங்க!"

"எதுக்கும் ஓதி வைக்கிறன் மகள்."

விறாந்தையில் வண்டியைக் கண்டவர்கள் எல்லாரும் ஒதுங்கி வழிவிட்டார்கள். அந்த ஆஸ்பத்திரியில் உயிரோடு இருந்த ஒரு நோயாளிக்கும் அவ்வளவு மரியாதை கிடைத்ததில்லை. ஒரு சிற்றூழியர் ஓடிவந்து ஒரு சில்லுக்குக் கை கொடுத்தான். பணிப்பாளர் சிவதர்ஷன் எதிரே வந்தார், நின்று கண்ணை மூடினார், "முறைப்பாடு ஏதும்?" என்று கேட்டார். இல்லையென்று கம்சாயினி தலையாட்டினாள். காவலாளி தொப்பியைக் கழற்றி நெஞ்சில் வைத்துக்கொண்டு இரண்டு கதவுகளையும் அகலத் திறந்தான். ஹஸீனாவின் புருஷன் றிஸ்லான் வெளியே ஓட்டோவோடு நின்றான். பக்கீர் எழுந்து தானாகவே ஏறி உட்கார்ந்தார். காவலாளி அதற்குள் கதவைச் சாத்திவிட்டான்.

சாப்பிட்டுவிட்டு வந்த வைத்தியர் வெறுங்கட்டிலைப் பார்த்தார். பக்கீரின் மையத்து போய்விட்டது என்று வாசலிலிருந்து சொன்னார்கள். செய்துவிட்டோமா, இன்னும் செய்யவில்லையா என்று அவருக்கே ஒரு கணம் சந்தேகம் வந்திருக்க வேண்டும். ஆனால் விரிப்பை மாற்றச் சொல்லிவிட்டு, மரணத்தை உறுதிசெய்து கையெழுத்து வைத்தார்.

பக்கீர் மட்டக்களப்பில் வேறோர் ஆஸ்பத்திரியில் புண் ஆறி வீட்டுக்கு வந்தார். அதற்கிடையில் தர விழா வந்தது. அந்த வருடம் மூன்றாம் விடுதியிலிருந்து போனவர்களின் குடும்பங்களையெல்லாம் அழைத்துப் பொன்னாடை போர்த்துவதென்று அறக்கட்டளை முடிவுசெய்திருந்தது. பக்கீரின் குடும்பத்துக்கும் அழைப்பு போனது. பக்கீர் சட்டையை மாட்டிக்கொண்டு, ஊன்றுகோலோடு, மகளையும் கூட்டிக்கொண்டு வந்தார். கேதீஸ்வரியும் வந்தாள்.

வைத்தியர் ஜெயந்தன் பேச எழுந்தபோது மண்டபம் எழுந்து கைதட்டியது.

"அன்பார்ந்தவர்களே, நோயாளி என்பவர் யார்? அவருக்குப் பசி குறைவு, தூக்கம் குறைவு, பொறுமை குறைவு. இந்தக் குறைகளை ஒவ்வொன்றாகத் தீர்க்க வைத்திய உலகம் படாத பாடு படுகிறது. நான் அப்படிச் செய்வதில்லை. ஆழ்ந்து நோக்கினால், எல்லாக் குறைகளுக்கும் ஒரே ஒரு வேர்தான் இருக்கிறது. அதைப் பிடுங்கிவிட்டால் மனிதன் பூரண அமைதி அடைகிறான்."

கைதட்டினார்கள்.

"என் கையால் அனுப்பிவைக்கப்பட்ட ஒருவர்கூட இன்றுவரை என்மீது முறைப்பாடு செய்ததில்லை. இனிச் செய்யப்போவதும் இல்லை."

மறுபடியும் கைதட்டினார்கள். பணிப்பாளர் கண்ணைத் துடைத்துக்கொண்டார்.

"அண்மையில் நம்மை விட்டுப் பிரிந்த ஏறாவூர் பக்கீர் ஐயாவை இந்த வேளையில் நினைத்துப் பார்க்கிறேன். கடைசிவரை அவருடைய கையைப் பிடித்துக்கொண்டிருந்தேன். 'சேர், எனக்கு ஒரு குறையும் இல்ல' என்றார். அதுதான் அவருடைய கடைசி வார்த்தை."

பின்வரிசையில் பக்கீர் ஊன்றுகோலை ஊன்றி எழுந்தார்.

"நான் அப்பிடிச் செல்லல்ல."

அறிவிப்பாளர் நிகழ்ச்சிநிரலைப் பார்த்தார். "ஐயா, கேள்வி நேரம் இதில் இல்லை. தயவுசெய்து அமருங்கள். நீங்கள் யார்?"

"பக்கீர்."

சிலர் சிரித்தார்கள். வைத்தியர் ஜெயந்தன் சிரிக்கவில்லை. ஒலிவாங்கிக்கு முன்னால் நின்று பக்கீரை உற்றுப் பார்த்தார். பிறகு மிகவும் கனிவாகச் சொன்னார்.

"ஐயா களைச்சுப்போயிட்டார். விடுதிக்குக் கொண்டுபோய்ப் படுக்க வையுங்க. நான் வாறன்."

அப்போது நடுவரிசையில், பொன்னாடையைத் தோளில் போட்டிருந்த ஒரு பெண் எழுந்தாள். வாழைச்சேனைப் பக்கத்திலிருந்து வந்தவள். யாரிடம் கேட்பதென்று தெரியாமல் பக்கத்தில் இருந்தவர்களிடம் கேட்டாள்.

"என்ட மகளும் கடைசியா அதத்தானே சொன்னவள் எண்டு டொக்டர் சொன்னவர்?"

"என்ட அம்மாவும்," என்றார் ஒருவர்.

"எங்கட அண்ணனும் அப்பிடித்தானாம்."

அவர்கள் ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்தார்கள். ஒருவர் அந்த வார்த்தையைக் கல்லறையில் பொறித்திருந்தார். இன்னொருவர் முப்பத்தோராம் நாள் நினைவு மலரின் முதற்பக்கத்தில் போட்டிருந்தார். வாழைச்சேனைப் பெண் எதிலும் எழுதவில்லை. அதை அவள் தினமும் படுக்கப்போகும்போது தனக்குத்தானே சொல்லிக்கொள்வாள்.

"அந்த ஒரு சொல்லப் புடிச்சிக்கொண்டுதானே நான் இரிந்த," என்று அவள் சொன்னாள். "அதையும் எடுத்துப்போட்டாரே."

கேதீஸ்வரி அவளருகே போய் உட்கார்ந்தாள். இவ்வளவு நாளும் தன்னை ஒருவரும் நம்பவில்லையே என்று அவள் மனம் வெந்திருந்தது. இப்போது நம்பினார்கள். ஆனால் அவளுக்குச் சந்தோஷம் வரவில்லை. அவள் அந்தச் சொல்லை ஒருநாளும் நம்பியதில்லை, அதனால் இழக்க அவளிடம் ஒன்றுமில்லை. இவர்களுக்கு அவர்களுடைய ஆட்கள் இன்றைக்குத்தான் செத்திருந்தார்கள். அவள் அந்தப் பெண்ணின் கையைப் பிடித்துக்கொண்டாள்.

மேடையோரத்தில் விளக்குக்குப் பக்கத்தில் நின்ற கம்சாயினி தரையில் உட்கார்ந்து அழத் தொடங்கினாள். அழுதபடியே எல்லாவற்றையும் சொன்னாள். எந்த மருந்து, யார் யாருக்கு, தான் எப்போது கண்டுகொண்டாள், ஏன் வாய் திறக்கவில்லை என்று. ஒலிவாங்கியை யாரும் நிறுத்தவில்லை. விழாவுக்குக் காவலுக்கு வந்திருந்த அதே சார்ஜன்ட், பணிப்பாளரிடம் அனுமதி கேட்டுவிட்டு, வைத்தியரைக் கூட்டிக்கொண்டு போனார். கேடயம் பின்னொரு நாளில் வழங்கப்படும் என்று அறிவித்தார்கள்.

மறுநாள் பணிப்பாளர் சிவதர்ஷன் பத்திரிகையாளர்களைச் சந்தித்தார். "உண்மையில் பெரிதும் பாதிக்கப்பட்டது நாங்கள்தான்," என்றார். "இறந்தவர்கள் உயிரைத்தான் இழந்தார்கள். நாங்கள் எங்கள் தரச்சான்றிதழை இழந்து நிற்கிறோம்." மூன்றாம் விடுதிக்கு வெள்ளையடித்து, 'புதுவாழ்வு விடுதி' என்று பெயர் மாற்றினார்கள்.

வழக்குக்கு உடல்கள் தேவைப்பட்டன. உதயரூபனைத் தோண்டி எடுக்க நீதிமன்றம் கட்டளையிட்டது. நாவற்குடாச் சவக்காலைக்கு நீதவான் வந்தார், சட்ட வைத்திய அதிகாரி வந்தார், பொலிஸ் வந்தது, பிரதேச செயலகத்திலிருந்தும் ஆட்கள் வந்தார்கள். கூடாரம் அடித்தார்கள். பெட்டிக்கு யாருடைய முத்திரை முதலில் குத்துவது என்று நெடுநேரம் பேசினார்கள். கேதீஸ்வரியை ஆள் இவர்தானா என்று பார்க்கச் சொன்னார்கள். பார்த்தாள். ஓம் என்றாள். கொழும்புக்கு அனுப்பிப் பரிசோதிக்க வேண்டும், முடிவு வரச் சுணங்கும் என்றார்கள்.

"நானும் கூடப் போகலாமா சேர்?"

"உறவினர்கள் வாகனத்தில் ஏற அனுமதி இல்லை."

பெட்டியை வான் வண்டியில் ஏற்றிக் கதவைச் சாத்தினார்கள். அதிகாரிகள் தங்கள் வாகனங்களைத் தேடிப் போனார்கள். கேதீஸ்வரி சாரதியின் பக்கமாகப் போய் நின்றாள். நடுவயது மனிதர். கண்ணாடியை இறக்கினார்.

"தம்பி, மெதுவாக் கொண்டு போங்க. ரோட்டெல்லாம் பள்ளமும் திட்டியும். குலுக்கப்போகுது."

உள்ளே கிடப்பவருக்கு இனிக் குலுக்கினால் என்ன என்று அவர் கேட்டிருக்கலாம். கேட்கவில்லை.

"ஓமக்கா. மெதுவாத்தான் போவன்."

வான் புறப்பட்டது. மணல் ஒழுங்கையைத் தாண்டி வாவிக்கரை வீதியில் ஏறி, அவள் கண்ணுக்கு மறையும்வரை, அந்த மனிதர் சொன்னபடி மெதுவாகவே ஓட்டிக்கொண்டு போனார்.